கல்லூரித் திடலில் ஒரு கேப்டன்: ஏப்ரல் ஹைன்ரிக்ஸ் பற்றி வாசகர்கள் கேட்டவை

சென்ற இதழில் மகளிர் உலகக் கோப்பை குறித்த கேள்வி ஒன்றுக்குப் பதில் எழுதியபோது, 1991இல் முதல் கோப்பையை வென்ற அமெரிக்க அணியின் கேப்டன் ஏப்ரல் ஹைன்ரிக்ஸ், அதே சமயத்தில் ஒரு கல்லூரி அணியின் பயிற்சியாளராகவும் இருந்தார் என்று ஒரு வரி குறிப்பிட்டிருந்தேன். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு வந்த கடிதங்களே இம்முறை மிகுதி. அவற்றில் சிலவற்றுக்கு இந்த இதழில் விரிவாகப் பதில் சொல்கிறேன்.

கேள்வி: உலகக் கோப்பை அணியின் கேப்டன் அதே ஆண்டில் கல்லூரிப் பயிற்சியாளராக எப்படி இருக்க முடியும்? ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்ற பிறகுதானே பயிற்சியாளர் ஆவார்கள்?
– கல்லூரி மாணவி, திருநெல்வேலி

பதில்: ஆண்கள் கால்பந்தை மனத்தில் வைத்துப் பார்த்தால் உங்கள் வியப்பு நியாயமானது. அங்கே ஆட்டமே வேலை. பயிற்சியாளர் பணி அதற்கு அடுத்த கட்டம். 1980களிலும் 90களின் தொடக்கத்திலும் அமெரிக்காவில் கால்பந்து ஆடிய பெண்களுக்கு ஆட்டம் சோறு போடவில்லை. அந்த நாட்டில் மகளிருக்கென முழுமையான தொழில்முறை லீக் தொடங்கியதே 2001ஆம் ஆண்டில்தான். தேசிய அணிக்கு ஆடச் சென்றால் கிடைத்தது நாளொன்றுக்குப் பத்து டாலர் படி. ஆகவே, கல்லூரிப் படிப்பு முடிந்ததும் ஒரு வீராங்கனைக்குக் கால்பந்தை விடாமலே மாதச் சம்பளம் வாங்க இருந்த வழி, இன்னொரு கல்லூரியில் பயிற்சியாளராகச் சேர்வது ஒன்றுதான்.

ஹைன்ரிக்ஸ் 1990இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழக மகளிர் அணியின் தலைமைப் பயிற்சியாளராக இருந்தார். 1991இல் மேரிலாந்து பல்கலைக்கழகத்துக்கு வந்தார். அந்த ஆண்டு ஏப்ரலில் ஹெய்ட்டியின் தலைநகர் போர்ட்-ஓ-பிரின்ஸில் நடந்த தகுதிச் சுற்றில் அமெரிக்க அணி ஐந்து ஆட்டங்களில் 49 கோல்கள் அடித்து, ஒரு கோலும் வாங்காமல் திரும்பியது. நவம்பரில் சீனாவில் உலகக் கோப்பை. ஹைன்ரிக்ஸ், மிஷெல் ஏக்கர்ஸ், கேரின் ஜென்னிங்ஸ் ஆகிய மூவரும் முன்களத்தில் நின்றார்கள். சீனப் பத்திரிகைகள் அவர்களுக்கு ‘மும்முனை வாள்’ என்று பெயர் வைத்தன. பெயர் பொருத்தமானதுதான் என்பதற்குக் கணக்கே சாட்சி. ஆறு ஆட்டங்களில் அமெரிக்கா அடித்த 25 கோல்களில் 20 இந்த மூவர் அடித்தவை: ஏக்கர்ஸ் பத்து, ஜென்னிங்ஸ் ஆறு, ஹைன்ரிக்ஸ் நான்கு. ஹைன்ரிக்ஸின் நான்கில் இரண்டு, ஜெர்மனியை 5-2 என்று வென்ற அரையிறுதியில் வந்தவை. நவம்பர் 30ஆம் நாள் குவாங்சோவில், அறுபதாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் முன்னிலையில், நார்வேயை 2-1 என்று வென்று கோப்பையை முதலில் கையில் வாங்கிய கேப்டன் அவர்தான்.

அந்தத் தொடரின் ஆட்டங்கள் 90 நிமிடம் அல்ல, 80 நிமிடமே நடத்தப்பட்டன என்பதையும் சொல்ல வேண்டும். முழு நேரம் ஆடினால் எங்கள் சினைப்பைகள் கழன்று விழுந்துவிடும் என்று பயந்தார்கள் போலும் என்ற பொருளில் ஹைன்ரிக்ஸ் பின்னாளில் கோபத்தோடு குறிப்பிட்டார். அந்தக் கோபத்தில் எனக்கு முழு உடன்பாடு உண்டு.

கேள்வி: அமெரிக்காவில் கல்லூரி அணிகளுக்கு ஏன் இத்தனை முக்கியத்துவம்? ஐரோப்பாவில் அப்படி இல்லையே?
– வாசகர், மதுரை

பதில்: ஐரோப்பாவில் கால்பந்து கிளப்புகளில் வளர்ந்தது, அமெரிக்காவில் பெண்கள் கால்பந்து சட்டத்தின் துணையோடு கல்லூரிகளில் வளர்ந்தது. 1972இல் நிறைவேறிய கல்விச் சட்டத் திருத்தத்தின் ஒரு பிரிவை அங்கே ‘டைட்டில் நைன்’ என்று சொல்கிறார்கள். அரசின் பணம் பெறும் எந்தக் கல்வி நிறுவனமும் பாலின அடிப்படையில் பாகுபாடு காட்டக்கூடாது என்பதே அதன் சாரம். விளையாட்டும் அதற்குள் அடங்கும் என்பதால், ஆண்களுக்கு ‘அமெரிக்கன் ஃபுட்பால்’ எனப்படும், பந்தைக் கையில் ஏந்தி ஓடும் வேறொரு ஆட்டத்தின் அணியில் ஏராளமான இடங்களும் உதவித்தொகையும் வைத்திருந்த பல்கலைக்கழகங்கள் பெண்களுக்கும் அதற்கு ஈடான வாய்ப்புகளை உருவாக்க வேண்டியதாயிற்று. பெரிய அணி, குறைந்த செலவு, ஒரு புல்தரை போதும் என்ற நிலையில் மகளிர் கால்பந்து அவற்றுக்கு மிகவும் வசதியாக அமைந்தது. தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கமான என்.சி.ஏ.ஏ. மகளிர் கால்பந்துக்கு முதல் சாம்பியன்ஷிப் நடத்தியது 1982இல். ஹைன்ரிக்ஸ் கல்லூரியில் கால் வைத்தது அதற்கு அடுத்த ஆண்டு. சில ஆண்டுகள் முன்னால் பிறந்திருந்தால், இத்தனை திறமையும் உள்ளூர்த் திடலோடு நின்றுபோயிருக்கும்.

கேள்வி: ஆட்டக்காரராக அவர் எப்படிப்பட்டவர்? கடுமையானவர், சக வீராங்கனைகளோடு ஒத்துப்போகாதவர் என்று படித்தேன். அது உண்மையா?
– உடற்கல்வி ஆசிரியை, தஞ்சாவூர்

பதில்: கடுமையானவர் என்பது உண்மை. அந்தக் கடுமை எதிலிருந்து வந்தது என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் அவரைப் புரிந்துகொள்ள முடியும்.

1964 பிப்ரவரியில் கொலராடோ மாநிலத்தின் டென்வரில் பிறந்து, பக்கத்திலுள்ள லிட்டில்டனில் பள்ளிப் படிப்பை முடித்தவர், 1983இல் வட கரோலினா பல்கலைக்கழகத்தின் சாப்பல் ஹில் வளாகத்துக்கு வந்தார். அங்கே பயிற்சியாளர் ஆன்சன் டோரன்ஸ்; 1991இல் கோப்பை வென்ற தேசிய அணிக்கும் அவரே பயிற்சியாளர். அவருடைய பயிற்சி முறையில், நீங்கள் உடற்கல்வி ஆசிரியை என்பதால் சொல்கிறேன், எதுவும் கணக்கில் வராமல் போகாது. ஒருவருக்கு ஒருவர் மோதும் பயிற்சியானாலும், ஓட்டமானாலும், தலையால் முட்டும் பயிற்சியானாலும், வென்றவர் யார், தோற்றவர் யார் என்பதைத் திடலோரம் நின்று ஒருவர் தாளில் குறித்துக்கொண்டே இருப்பார். பிறகு எல்லாவற்றையும் கூட்டி, அணியில் யார் முதலிடம், யார் கடைசி இடம் என்ற பட்டியல் எல்லோரும் பார்க்கும்படி ஒட்டப்படும். அதே பல்கலைக்கழகத்தின் புகழ்பெற்ற கூடைப்பந்துப் பயிற்சியாளர் டீன் ஸ்மித்தின் பயிற்சியைப் பார்த்து டோரன்ஸ் எடுத்துக்கொண்ட முறை இது.

தோழியைத் தோற்கடித்தால் நட்பு கெட்டுவிடுமோ என்று தயங்கிப் பழகிய பெண்கள் நிறைந்த ஒரு திடலில், அந்தத் தயக்கம் துளியும் இல்லாமல் வந்து நின்றவர் ஹைன்ரிக்ஸ். பயிற்சியிலும் அவர் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. மூத்த வீராங்கனைகள் சிலர் டோரன்ஸின் அறைக்கே சென்று, ஏப்ரலை என்ன செய்யப் போகிறீர்கள் என்று முறையிட்டதை டோரன்ஸே பல இடங்களில் சொல்லியிருக்கிறார். இந்தப் பெண்ணை அடக்கக் கூடாது, இவரைப்போல இன்னும் பலரை உருவாக்க வேண்டும் என்பதே அப்போது அவர் எடுத்த முடிவு. ஒரு பயிற்சியாளர் வாழ்நாளில் எடுக்கும் சில பெரிய முடிவுகளில் இதை வைத்து எண்ணலாம் என்பது என் கருத்து. எல்லோரும் சமாதானமாக இருக்கட்டும் என்று அன்று அவர் அந்தப் பெண்ணைக் கூப்பிட்டுக் கண்டித்திருந்தால், வட கரோலினாவும் தேசிய அணியும் வேறு வகை அணிகளாக ஆகியிருக்கும்.

நான்கு ஆண்டுகளில் அவர் 87 கோல்கள் அடித்தார். 51 கோல்களுக்குப் பந்து கொடுத்தார். 1983, 1984, 1986 ஆகிய ஆண்டுகளில் கல்லூரி சாம்பியன் பட்டம் வட கரோலினாவுக்கு. இடையில் 1985இல் மட்டும் இறுதியாட்டத்தில் ஜார்ஜ் மேசன் பல்கலைக்கழகத்திடம் 2-0 என்று தோற்றார்கள். அவர் அணிந்த 2ஆம் எண் ஜெர்சிக்குப் பல்கலைக்கழகம் ஓய்வளித்தது. 1998இல் அமெரிக்கக் கால்பந்தின் ‘ஹால் ஆஃப் ஃபேம்’ எனப்படும் புகழ் மன்றத்தில் இடம்பெற்ற முதல் வீராங்கனையும் அவரே.

கேள்வி: உலகக் கோப்பையை வென்றபோது அவருக்கு வயது 27தான். அதற்குப் பின் ஏன் ஆடவில்லை? பயிற்சியாளராக என்ன சாதித்தார்?
– வாசகி, கோயம்புத்தூர்

பதில்: முழங்கால் விடவில்லை. நாள்பட்ட காயத்தோடுதான் அவர் சீனாவிலேயே ஆடினார். குவாங்சோ இறுதியாட்டத்தோடு தேசிய அணி வாழ்க்கை முடிந்தது. இந்த இடத்தில்தான், முதல் கேள்வியில் சொன்ன சம்பளக் கவலை அவருக்கு நன்மையாக முடிந்தது. ஆட்டம் கைவிட்டுப்போன நாளில் அடுத்தது என்ன என்று அவர் திகைத்து நிற்க வேண்டியிருக்கவில்லை. மேரிலாந்தில் ஒரு அணி அவருக்காகக் காத்திருந்தது.

கல்லூரிப் பயிற்சியாளரின் வேலை என்ன என்பதைக் கொஞ்சம் விளக்கினால்தான் அவர் செய்தது புரியும். சீசன் ஆகஸ்டு இறுதியில் தொடங்கி நவம்பரில் கிட்டத்தட்ட முடிந்துவிடும். அந்த மூன்று மாதத்துக்குள் இருபது ஆட்டங்கள் அளவில் ஆட வேண்டும். வாரத்துக்கு இருபது மணி நேரத்துக்கு மேல் பயிற்சி வாங்கக்கூடாது என்பது விதி. மீதி மாதங்கள் ஆள் சேர்ப்பதில் போகும். பள்ளி மாணவிகள் ஆடும் போட்டிகளுக்கு ஊர் ஊராகச் சென்று, திடலோரம் குறிப்பேட்டோடு நின்று பார்த்து, அந்தப் பெண்ணையும் அவளுடைய பெற்றோரையும் சம்மதிக்கவைக்க வேண்டும். இதில் கடினமான பகுதி உதவித்தொகைக் கணக்கு. கல்லூரி விளையாட்டின் மேல்தட்டான முதல் பிரிவில் மகளிர் அணி ஒன்றுக்குப் பல ஆண்டுகள் வரை 14 முழு உதவித்தொகைகளுக்கு ஈடான தொகைதான் அனுமதிக்கப்பட்டிருந்தது. இருபத்தைந்து பேருக்கு மேற்பட்ட அணியில் அதை ஒருத்திக்கு முழுவதும், இன்னொருத்திக்குப் பாதி, வேறொருத்திக்குப் பாடப்புத்தகச் செலவு மட்டும் என்று பயிற்சியாளர் பிரித்துக் கொடுக்க வேண்டும். ஒரு குடும்பத்தின் கல்விக் கடன் எவ்வளவு என்பது அந்தப் பிரிவினையில் தீர்மானமாகும். கோல் அடிக்கத் தெரிந்த எல்லோரும் இந்த வேலைக்குப் பொருந்துவதில்லை.

அதோடு, கல்லூரி ஆட்டத்தின் விதிகளும் கொஞ்சம் வேறு. கடிகாரம் 45இல் தொடங்கி இறங்கு வரிசையில் ஓடும். மாற்றப்பட்ட வீராங்கனை மீண்டும் களத்துக்குள் வரலாம். களைத்தவரை வெளியே எடுத்து மூச்சு வாங்கவிட்டுத் திரும்ப அனுப்ப முடிவதால், ஓட்டமும் வேகமும் உடல்வலுவும் உள்ள ஆட்டம் அங்கே செழிக்கிறது. பந்தைக் காலில் வைத்து நிதானமாகச் சிந்தித்து ஆடும் பழக்கம் அந்த அளவுக்கு வளர்வதில்லை. அமெரிக்கப் பெண்களின் பலமும் பலவீனமும் இரண்டுமே கல்லூரித் திடலில் பிறந்தவை என்றே நான் நினைக்கிறேன்.

மேரிலாந்தில் 1995 வரை இருந்த ஹைன்ரிக்ஸ், அந்த ஆண்டு, தங்களுக்குள் போட்டியிடும் பல்கலைக்கழகங்களின் குழுவான அட்லாண்டிக் கோஸ்ட் கான்ஃபரன்ஸின் சிறந்த பயிற்சியாளராகத் தேர்வானார். அவர் ஆடிய வட கரோலினாவே ஆதிக்கம் செலுத்திய பிரிவு அது என்பதால் இந்த விருதுக்கு எடை அதிகம். 1996இல் வர்ஜீனியா பல்கலைக்கழகத்துக்குச் சென்று 1999 வரை அங்கே இருந்தார். இடையில் தேசிய அணியின் தலைமைப் பயிற்சியாளர் டோனி டிசிக்கோவுக்கு உதவிப் பயிற்சியாளர். 1996இல் மகளிர் கால்பந்து முதன்முறையாக ஒலிம்பிக்கில் இடம்பெற்று அமெரிக்கா தங்கம் வென்றபோது அவர் அந்தக் குழுவில் இருந்தார்.

கேள்வி: தேசிய அணியின் தலைமைப் பயிற்சியாளராக அவர் வெற்றி பெற்றாரா, தோற்றாரா?
– வாசகர், சென்னை

பதில்: 2000ஆம் ஆண்டு தொடக்கத்தில் அவர் அந்தப் பொறுப்புக்கு வந்தார். இடைக்காலமாக அல்லாமல் முழுப் பொறுப்போடு அமெரிக்க மகளிர் அணியை நடத்திய முதல் பெண் அவர்தான். வந்த நேரம் கடினமானது. 1999 உலகக் கோப்பையைச் சொந்த மண்ணில் வென்று நாடு முழுவதும் கொண்டாடப்பட்ட அணி அது. வெற்றியைத் தவிர வேறு எதையும் யாரும் ஏற்பதாக இல்லை.

சிட்னி ஒலிம்பிக் இறுதியில் கடைசி நேரத்தில் சமன்செய்தும், கூடுதல் நேரத்தில் நார்வேயின் கோல்டன் கோலால், அதாவது விழுந்த உடனே ஆட்டத்தை முடித்துவைக்கும் கோலால், 3-2 என்று தோற்று வெள்ளியோடு திரும்பினார்கள். 2003 உலகக் கோப்பை அரையிறுதியில் ஜெர்மனியிடம் 3-0 என்று தோற்று மூன்றாமிடம். அவருடைய ஆட்ட உத்திகள் மீது விமர்சனம் எழுந்தது. ஆனால் 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்கை நினைத்துப் பாருங்கள். அரையிறுதியில் ஜெர்மனிக்கு எதிராகக் கூடுதல் நேரத்தில் வெற்றிக் கோல் அடித்தவர் ஹெதர் ஓ'ரைலி. இறுதியில் பிரேசிலுக்கு எதிராக முதல் கோல் அடித்தவர் லிண்ட்சே டார்ப்லி. இருவரும் அப்போது வட கரோலினாவில் படித்துக்கொண்டிருந்த மாணவிகள். அந்த வயதுப் பெண்களிடமிருந்து என்ன கிடைக்கும், எவ்வளவு சுமையைத் தாங்குவார்கள் என்பதைப் பத்து ஆண்டுகளாகத் திடலோரம் நின்று பார்த்த ஒருவருக்குத்தான் அவர்களை அத்தகைய ஆட்டத்தில் நம்பி இறக்கும் துணிவு இருக்கும். ஆகஸ்டு 26ஆம் நாள் பிரேயஸ் துறைமுக நகரில் நடந்த இறுதியாட்டம் 1-1 என்று கூடுதல் நேரத்துக்குச் சென்றது. 112ஆவது நிமிடத்தில் கிறிஸ்டீன் லில்லி கொடுத்த கார்னர் பந்தை அபி வாம்பாக் தலையால் முட்டி உள்ளே தள்ளினார். தங்கம் கிடைத்தது. கேப்டனாக உலகக் கோப்பையும் பயிற்சியாளராக ஒலிம்பிக் தங்கமும் வென்ற ஒருவரைத் தோற்றவர் என்று சொல்ல என்னால் முடியாது. 2005 பிப்ரவரியில் அவர் பொறுப்பிலிருந்து விலகினார்.

கேள்வி: இவரைப்போல ஆட்டத்திலிருந்து கல்லூரிப் பயிற்சிக்கு வந்த பெண்கள் வேறு யார்? இப்போது அங்கே பெரும்பாலும் பெண்களே பயிற்சியாளர்கள் என்று கொள்ளலாமா?
– ஆராய்ச்சி மாணவி, திருச்சிராப்பள்ளி

பதில்: இரண்டாம் கேள்விக்கு முதலில் பதில் சொல்கிறேன், ஏனென்றால் அது வருத்தமானது. கொள்ள முடியாது. 1972இல், அதாவது டைட்டில் நைன் வருவதற்கு முன், அமெரிக்கக் கல்லூரிகளின் மகளிர் அணிகளில் 90 சதவீதத்துக்கும் மேற்பட்டவற்றுக்குப் பெண்களே பயிற்சியாளர்கள். நாற்பது ஆண்டுகள் கழித்து எடுத்த கணக்கில், எல்லா விளையாட்டுகளையும் சேர்த்து, அது ஏறக்குறைய 43 சதவீதமாகக் குறைந்திருந்தது. சம்பளமே இல்லாமலோ சொற்பச் சம்பளத்துக்கோ பெண்கள் பார்த்துவந்த வேலைக்குச் சட்டம் நல்ல ஊதியத்தையும் மதிப்பையும் கொண்டுவந்தது. உடனே ஆண்களும் அதற்கு விண்ணப்பித்தார்கள். ஆள் எடுக்கும் இடத்தில் இருந்தவர்களும் பெரும்பாலும் ஆண்களே. ஆட வந்த பெண்களின் எண்ணிக்கை பல மடங்கு பெருகிய அதே காலத்தில் அவர்களை நடத்தும் இடத்தில் பெண்களின் பங்கு பாதிக்கும் கீழே போனது. இந்தப் பின்னணியில் பார்த்தால்தான் ஹைன்ரிக்ஸ் போன்றவர்கள் ஒவ்வொரு கல்லூரியிலும் பிடித்து நின்ற இடம் எவ்வளவு அரிது என்பது விளங்கும்.

முதல் கேள்விக்கு வருகிறேன். வர்ஜீனியாவில் ஹைன்ரிக்ஸுக்கு முன் பயிற்சியாளராக இருந்த லாரன் கிரெக்கும் வட கரோலினாவில் ஆடியவர். 1991இல் வர்ஜீனியாவைக் கல்லூரி சாம்பியன்ஷிப்பின் அரையிறுதிவரை கொண்டுசென்றார். அந்த அணியில் ஆடிய அமாண்டா குரோம்வெல், பின்னர் தேசிய அணிக்கும் ஆடி, பயிற்சியாளராகி, 2013இல் யு.சி.எல்.ஏ. பல்கலைக்கழகத்துக்கு முதல் மகளிர் கால்பந்துப் பட்டம் வாங்கித் தந்தார். 1991 உலகக் கோப்பை அணியின் ஷேனன் ஹிக்கின்ஸ் பின்னாளில் அதே மேரிலாந்து அணிக்குப் பயிற்சியாளரானார். 1999 உலகக் கோப்பை அணியின் கேப்டன் கார்லா ஓவர்பெக், தலைமைப் பதவியைத் தேடிப் போகாமல், டியூக் பல்கலைக்கழகத்தில் பல்லாண்டு காலம் உதவிப் பயிற்சியாளராகவே பணியாற்றினார். ஓவர்பெக்கைப் பற்றித் தனியே ஒரு இதழில் எழுத விருப்பம்.

இவர்கள் எல்லோரையும்விட முக்கியமாகச் சொல்ல வேண்டியவர் ஜில் எல்லிஸ். இங்கிலாந்தில் பிறந்து சிறுவயதில் அமெரிக்காவுக்கு வந்தவர்; வில்லியம் அண்டு மேரி கல்லூரியில் ஆடியவர்; தேசிய அணிக்கு ஒருமுறையும் ஆடியதில்லை. கால்பந்தை விட்டு ஒரு தொலைத்தொடர்பு நிறுவனத்தில் தொழில்நுட்பக் குறிப்புகள் எழுதும் வேலையில் இருந்தவரை மேரிலாந்துக்கு உதவிப் பயிற்சியாளராக அழைத்தவர் ஹைன்ரிக்ஸ். பாதுகாப்பான சம்பளத்தை விட்டுவிட்டு எல்லிஸ் வந்தார். ஹைன்ரிக்ஸ் வர்ஜீனியாவுக்கு மாறியபோது அங்கும் உடன் சென்றார். பிறகு இல்லினாய், அதன்பின் யு.சி.எல்.ஏ. என்று தனியே அணிகளை நடத்தினார். 2011இல் அமெரிக்கக் கால்பந்துச் சம்மேளனம் மகளிர் பிரிவுக்குத் தொழில்நுட்ப இயக்குநராக ஹைன்ரிக்ஸையும், வளர்ச்சி இயக்குநராக எல்லிஸையும் ஒரே நேரத்தில் நியமித்தது. 2015இல் வான்கூவரிலும் 2019இல் லியோனிலும் அமெரிக்கா உலகக் கோப்பையை வென்றபோது தலைமைப் பயிற்சியாளராக நின்றவர், மேரிலாந்தில் ஹைன்ரிக்ஸுக்குக் கீழே வேலை கற்றுக்கொண்ட இந்த எல்லிஸ்தான்.